பிரிக்காத மெத்தை

தீவுக்குப் போகும் அரசுப் படகை ஓட்டுகிறவரைத் துறையில் எல்லோரும் ‘சுங்கம்’ என்றுதான் கூப்பிடுவார்கள். பெற்றவர்கள் வைத்த பெயர் சம்பளச் சீட்டில் மட்டும் இருந்தது. அரிசி மூட்டையோ அதிகாரியின் பெட்டியோ, வெள்ளை ஓடு பதித்த சோதனை அறையில் கொட்டி, உதறி, மூடிபோட்ட வாளிக்கு மாற்றிய பிறகுதான் பதிவேட்டில் ‘பார்த்தாச்சு’ என்று எழுதிக் கையெழுத்துப் போடுவார். ஒருமுறை பெரிய அதிகாரியின் உள்ளாடைகளையே ஒவ்வொன்றாக உதறினார். அதிகாரிதான் நெளிந்தார். இவர் பாட்டுக்கு வேலையைப் பார்த்தார்.

இத்தனை கெடுபிடியும் ஓர் அரணைக்காக. விரல் நீளம், பித்தளை நிற முதுகு. அந்தத் தீவை விட்டால் உலகத்தில் வேறெங்கும் கிடையாது. எலி, பூனை எதையும் கண்டிராத இனம் என்பதால் அதற்கு ஓடவே தெரியாது; ஓர் எலி இறங்கினாலும் இனமே அழிந்துவிடும். மனிதன் காலடியிலேயே வந்து வெயில் காயும். அதை எண்ணுவதற்கென்றே தீவில் தங்கியிருந்த ஆராய்ச்சிக்காரப் பெண்ணுக்கு ‘அரணையம்மா’ என்று பெயர் வைத்ததும் சுங்கம்தான்.

அப்பேர்ப்பட்ட மனிதர் ஒரே ஒரு மெத்தையைப் பிரிக்காமல் ஏற்றினார். தீவின் கலங்கரை விளக்கில் வேலை பார்க்கும் அத்தானின் முதுகு வலிக்காக அக்கா தைத்த பஞ்சு மெத்தை அது. கடல் அடங்கட்டும் என்று ஒரு மாதம் அவள் வீட்டுச் சாமான் அறையில் கிடந்தது.

“நாலு நாள் உக்காந்து தச்சேன்டா. அதுல போய்க் கத்தியை வைக்காதே.”

“சட்டம்னா எல்லாருக்கும் சட்டம்தான்க்கா.”

“எங்கிட்டயுமா?”

அதில் ஆள் கரைந்துவிட்டார். நாலு மூலையையும் தட்டிப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார்.

அடுத்த நடையில், “மச்சான், ஒரு மூலை அமுங்குது பாரு” என்றார் அத்தான். சுங்கம் தனியே எடுத்துப்போய்த் தையலைப் பிரித்தால் உள்ளே குழி. கந்தலைக் கடித்துப் போட்ட கூடு, எலிப் புழுக்கை. எலியைக் காணவில்லை. மூட்டைப்பூச்சி என்று அத்தானிடம் ஒரு பொய்யைச் சொல்லி, மெத்தையைக் கடலில் தள்ளிவிட்டு வந்தார்.

மூன்றாம் மாதம் தீவின் நடுமேட்டில் அரணையம்மா புழுக்கையைப் பார்த்துவிட்டாள்.

“காத்து மழைக்கு மேற்குக் கரையில மீனவங்க ஒதுங்குறாங்கல்ல, அவங்க படகுலேருந்துதான் எறங்கியிருக்கணும். நீங்க என்ன நினைக்கிறீங்க?”

சுங்கம் ஆமென்று தலையை ஆட்டினார். அவ்வளவுதான் செய்தார்.

மீனவர்கள் இனித் தீவில் ஒதுங்கக் கூடாது என்று உத்தரவு வந்தது. இருந்த பொறிகள் அத்தனையும் மேற்குக் கரைக்குப் போயின. சுமந்தது சுங்கமேதான். “என்னைவிட உங்களுக்குத்தான் கவலை” என்று அவள் மெச்சினாள். அந்தப் பாராட்டைவிடச் செருப்படி தேவலை. எதையும் மறந்துவிடுகிறாரென்று ‘அரணை புத்தி’ என்று கேலி செய்யும் மனைவிக்கு, இவர் ஒன்றை மறக்க முடியாமல் புரண்டுகொண்டிருப்பது தெரியாது.

எட்டு மாதம் போயிற்று. புயலில் ஒதுங்க இடமில்லாத ஒரு படகு கவிழ்ந்து, மீனவர் ஒருவருக்குக் கை முறிந்தது. கட்டுப்போட்ட கையோடு அவர் துறையில் எதிரே வந்தார்.

“என்ன சுங்கம், எங்களையும் ஒரு தடவை உதறிப் பாத்துடேன்.”

அன்றைக்கே படகை எடுத்துக்கொண்டு போய் அரணையம்மாவிடம் எல்லாவற்றையும் கொட்டிவிட்டார். வேலை போனால் போகட்டும், எப்படித் திட்டினாலும் வாங்கிக்கொள்ளலாம் என்று நின்றார். அவள் திட்டவில்லை.

“கலங்கரை விளக்கு கிழக்குலல்ல இருக்கு?” என்றாள் மெதுவாக.

“ஆமாம்மா.”

“எட்டு மாசமா நாம மேற்குல பொறி வச்சிருக்கோம். கிழக்குப் பக்கம் பத்திரமா இருக்குன்னு நான் அங்க எண்ணக்கூட இல்ல. அன்னைக்கே சொல்லியிருந்தா ரெண்டு மூணு பொறியில முடிஞ்சிருக்கும்.”

மெத்தைக்குத்தான் பதில் யோசித்து வைத்திருந்தார். அவள் கேட்டது தலையாட்டியதைப் பற்றி.

மறுநாள் இருவரும் கிழக்குப் பாறைகளுக்குப் போனார்கள். போன வருடம் இருநூறுக்கு மேல் எண்ணிய இடம். காலையிலிருந்து உச்சிவெயில் வரை சுங்கம் குப்புறப்படுத்து ஒவ்வொரு சந்தாகப் பார்த்தார். எல்லாம் காலி. எழுந்து உட்கார்ந்தபோது, வால் போன ஓர் அரணை எங்கிருந்தோ வந்து அவர் பாதத்தை ஒட்டிப் படுத்தது. கொஞ்சம்கூடப் பயமில்லாமல் கண்ணை மூடி வெயில் காய்ந்தது.

“ஓடு” என்றார் அவர். “என்னைப் பாத்தா ஓடணும். ஓடு.”

அது அசையவில்லை.