வாழை நாரில் அளந்து வாங்கிய ரிம்

புளியஞ்சோலை அடிவாரத்தில் மோட்டார் வேன் வைத்திருந்த முதல் ஆள் நான்தான். இரண்டாவது ஆள் என்று ஒருவரும் இல்லாததால் இதை மறுத்துப் பேசவும் ஆள் கிடையாது. யுத்த காலம் அது. பெட்ரோலைக் கண்ணில் காட்டமாட்டார்கள். வேனின் முதுகில் பெரிய உருளை ஒன்றை மாட்டி, அதில் அடுப்புக்கரியைக் கொட்டி மூட்டி, விசிறியைக் கை வலிக்கச் சுற்றி, அந்தப் புகையில்தான் வண்டியை ஓட்டவேண்டும். மலையிலிருந்து இறங்கி வருகிறவர்கள் அதற்குக் 'கரி தின்னும் எருமை' என்று பேர் வைத்திருந்தார்கள். தண்ணீரைக் கண்டால் அது படுத்துக்கொள்ளும் என்பதையும் சேர்த்துத்தான் அந்தப் பேர். என் வேனைப் பற்றி நான் சொன்ன எதையும்விட அந்த மூன்று வார்த்தைகளில் உண்மை அதிகம்.

மலைக்கு அப்போது வண்டிப்பாதை இல்லை. மேலே இருக்கிற வளப்பூர் நாட்டுப் பலாவும் வாழையும் மிளகும் தலைச்சுமையாக ஒற்றையடிப் பாதையில் இறங்கும். அடிவாரத்திலிருந்து துறையூர்ச் சந்தைக்கு அவற்றைக் கொண்டுபோவது என் மச்சானின் மாட்டுவண்டி. மச்சான் என்றால் என் மனைவியின் அண்ணன். அவர் வண்டி எப்போது புறப்படும், எப்போது போய்ச் சேரும் என்பதை மாடுகள்தான் முடிவு செய்யும். வழியில் பழம் கனிந்து வெடித்தால், "வெடிச்சாத்தானுங்க பலா" என்பார். அதற்கு மேல் அவரிடம் பேச முடியாது.

அந்தப் பருவத்தில் நான் மலைக்காரர்களிடம் பேசிப் பேசி, ஒரு நடைப் பாரம் என் வேனில் ஏற்றச் சம்மதம் வாங்கினேன். அவர்களுக்காகப் பேசியவர் என் வயசுக்காரர். அதிகப் பலா மரம் அவருக்குத்தான். அவரைப் பலாக்காரர் என்றே சொல்லிக்கொண்டு போகிறேன்.

"வண்டி மாடு போய்ச் சேருறதுக்குள்ள நான் துறையூர் போயித் திரும்பியே வந்துருவேனுங்க" என்றேன் அவரிடம்.

"போயிச் சேந்தாப் போதுமுங்க. திரும்பி வாரது உங்க பாடு" என்றார் அவர்.

இந்த நடை ஒழுங்காகப் போய்ச் சேர்ந்தால் பருவம் முழுக்க அவர்கள் பழம் என் வேனில். சேராவிட்டால் பழையபடி மச்சானின் மாடுகள். பேச்சு அவ்வளவுதான்.

சந்தைக்கு இரண்டு நாள் இருக்கும்போது வேனைக் கரி போட்டு மூட்டி, ஓடையைத் தாண்டி அடிவாரத்துக்குக் கொண்டுபோனேன். முன்னேற்பாடான ஆள் என்று பேர் வாங்கவேண்டுமே. ஓடையை மெதுவாகத் தாண்டியிருக்கலாம். கரையில் துணி துவைக்கிற பெண்கள் நாலு பேர் பார்த்துக்கொண்டிருந்ததால் வேகமாகத் தாண்டினேன். முன்சக்கரம் ஒரு பாறையில் மோதியது. கரையேறி ஜாக்கி வைத்துத் தூக்கிப் பார்த்தால், நட்டு முடுக்குகிற ஆறு ஓட்டைகளைச் சுற்றி ரிம் விண்டுபோயிருந்தது. ஸ்டெப்னியை எடுத்தேன். அதன் ரிம் ஏற்கெனவே பற்றவைத்த ரிம். இரண்டு நட்டு முடுக்குவதற்குள் பற்றவைத்த இடம் வாயைப் பிளந்தது. ஆகவே வேண்டியது ஒன்றில்லை, இரண்டு.

அதற்குள் பாதையில் தலைகள் தெரிந்தன. ஒவ்வொரு தலையிலும் ஒரு பலா. பாரத்தை மரத்தடியில் இறக்கிவிட்டுப் பலாக்காரர் வந்து பார்த்தார்.

"என்னங்க டைவரு, எருமை முட்டி போட்டுருச்சா?"

"ரிம்மு போச்சுங்க. திருச்சியில பழைய இரும்புக் கடையிருக்குது. இப்பப் போனா நாளைக்குச் சாயங்காலம் ரிம்மோட வந்துருவேன். மறுநாள் சந்தைக்குப் போயிரலாம்."

"பழம் இப்பவே வாசம் வருதுங்க. நாளைக்குச் சாயங்காலம்னா சாயங்காலந்தானுங்களே?"

"சாயங்காலமேதான்."

இந்த இடத்தில் புத்தியுள்ளவன் என்ன செய்வான்? உடைந்த ரிம்மைக் கழற்றி, தோளில் மாட்டிக்கொண்டு பஸ் ஏறுவான். கடையில் அதைப் போட்டு, இது மாதிரி கொடு என்பான். எனக்கும் அது தோன்றாமல் இல்லை. ஆனால் பஸ்ஸில் உப்பிலியபுரம் தாண்டுவதற்குள் பத்துப் பேர், "என்னங்க, வேன் படுத்துருச்சா?" என்று கேட்பார்களே! அடிவாரத்தில் முதல் மோட்டார்க்காரன் உடைந்த இரும்போடு பஸ்ஸில் போவதா? டயரில் அளவு எண் எழுதியிருக்கிறது, ரிம்மின் சுற்றளவுக்கு அது போதும், ஓட்டைக்கு ஓட்டை எவ்வளவு தூரம் என்பதுதான் தெரியவேண்டும் என்று சொல்லிக்கொண்டே நின்றேன்.

"அளவுதானுங்களே?" என்றார் பலாக்காரர். வாழைத்தார் கட்டி வந்த பச்சை நாரில் ஒரு கீற்றைக் கிழித்தார். ரிம்மில் ஒரு ஓட்டையின் நடுவிலிருந்து எதிர் ஓட்டையின் நடு வரைக்கும் இழுத்துப் பிடித்து, இரண்டு பக்கமும் முடிச்சுப் போட்டார். மலையில் எல்லா அளவும் இப்படித்தான். கம்பத்துக்குக் கம்பம், வாசலுக்கு வாசல், எல்லாம் நார்தான். "எங்க ஊட்டு விட்டமே இதுலதானுங்க அளந்தது. ஒரு மயிரிழை தப்பல" என்றார்.

எனக்கு அவரைக் கட்டிப் பிடித்துக்கொள்ளலாம் போலிருந்தது. எவ்வளவு நாகரிகமான அளவு! மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொள்ளலாம். பஸ்ஸில் யாரும் ஒன்றும் கேட்கமாட்டார்கள். கேட்கவும் இல்லை. எஞ்சின் ஓரத்து ஸீட்டில், சூடு தொடையைச் சுட, ஏதோ கலெக்டரைப் பார்க்கப் போகிறவன் மாதிரி நிமிர்ந்து உட்கார்ந்துகொண்டு போனேன்.

மறுநாள் காலை திருச்சிக் கடையில் ரிம்கள் ஆள் உயரத்துக்கு அடுக்கிக் கிடந்தன. கடைக்காரர் வாயில் வெற்றிலையும் கண்ணில் சிரிப்புமாக இருந்தார். என்ன வண்டி என்று கேட்டார். சொன்னேன்.

"பழைய ரிம் எங்கே?"

"அளவு கொண்டுவந்திருக்கேனுங்க" என்று நாரை எடுத்து நீட்டினேன். அவர் அதை வாங்கவில்லை. பாம்பா என்று பார்க்கிறவர் போலப் பார்த்தார்.

"பூக்கட்ட வந்தீங்களா, ரிம் வாங்க வந்தீங்களா?" என்று கேட்டுவிட்டு, அடுக்கிலிருந்து ஒரு ரிம்மை உருட்டி விட்டார். "இதான் உங்க வண்டிக்கு. இதோட ஜோடியும் கிடக்குது. கண்ணை மூடிக்கிட்டு எடுத்துட்டுப் போங்க."

கண்ணை மூடிக்கொண்டு எடுத்துக்கொண்டு போகிற ஆளா நான்? குனிந்து நாரை வைத்துப் பார்த்தேன். அது முந்தின நாள் மாதிரி வழவழவென்று இல்லை, சுக்குப் போலச் சுருண்டிருந்தது. ரொம்ப இழுத்தால் அறுந்துவிடும் என்று மெல்ல நீவிப் பிடித்தேன். ஒரு முடிச்சு ஓட்டையின் நடுவில் உட்கார்ந்தது. அடுத்த முடிச்சு எதிர் ஓட்டைக்கு வந்து சேரவில்லை, அரை விரல் குறைந்தது.

"இது பெருசுங்க" என்றேன்.

"உங்க வண்டிக்கு இதாங்க வரும்."

"மத்த வண்டிக்கு வரலாம். என் வண்டி மத்த வண்டி மாதிரி இல்லீங்க."

"அது எனக்கும் தெரியுது" என்றார் கடைக்காரர். அன்றைக்கு அது எனக்குப் பாராட்டாகப் பட்டது.

பிறகு நான் அந்த அடுக்கு முழுவதையும் கலைத்தேன். ஐந்து ஓட்டை ரிம்கள் வேண்டாம். ஆறு ஓட்டையில் டயர் எண்ணுக்குப் பொருந்துகிறவை மட்டும் தனியாக. அவை ஒவ்வொன்றிலும் நார். கடையில் வேலை செய்கிறவர்கள் வேலையை விட்டுவிட்டு வந்து நின்றார்கள். எனக்கு உற்சாகம் கூடிவிட்டது. நடு ஓட்டை எப்படி இருக்கவேண்டும், குழிவு அதிகமானால் பிரேக் டிரம்மில் எப்படி உரசும் என்றெல்லாம் அவர்களுக்கு விளக்கினேன். சொன்னதெல்லாம் சரிதான். கடைசியில் வேறு கம்பெனி வண்டியின் ரிம் இரண்டு, நாரின் முடிச்சு இரண்டும் ஓட்டைகளின் நட்டநடுவில் உட்கார, எனக்காகவே வார்த்தது போல அகப்பட்டன.

"வேணாங்க. சொன்னாக் கேளுங்க" என்றார் கடைக்காரர்.

"அளவு பொய் சொல்லாதுங்க" என்றேன் நான்.

பஸ்ஸில் இப்போது என் மடியில் இரண்டு ரிம்கள். இவை உடையாத ரிம்கள், யார் கேட்டாலும் பெருமையாகச் சொல்லலாம். ஆனால் ஒருவரும் கேட்கவில்லை. நானாகவே பக்கத்து ஸீட்டுக்காரரிடம் சொன்னேன். பஸ் நின்ற இடத்திலிருந்து அடிவாரம் வரைக்கும் இரண்டையும் பாதையில் உருட்டிக்கொண்டே போனேன். தூரத்திலேயே பலா வாசம் அடித்தது. சொன்னபடி சாயங்காலம். சூரியன் மலைக்குப் பின்னால் போய்க்கொண்டிருந்தது.

மரத்தடியில் எல்லாரும் எழுந்து நின்றார்கள். மச்சானின் மாட்டுவண்டியும் நின்றது. மாடுகள் அசைபோட்டுக்கொண்டிருந்தன.

"நீங்க எங்க இங்க?" என்றேன்.

"சும்மா காத்து வாங்க வந்தனுங்க மாப்ள. ஊட்டுக்குள்ள ஒரே புழுக்கம்."

ரிம்மில் டயரை ஏற்றி, காற்றடித்து, சக்கரத்தைத் தூக்கி வைத்தேன். ஒரு ஓட்டை போல்ட்டில் நுழைந்தது. எதிர் ஓட்டை நுழையவில்லை. அதை நுழைத்தேன், இது வெளியே வந்தது. சுற்றி வைத்தேன். குத்தினேன். உதைத்தேன். இரண்டாவது ரிம்மை எடுத்தேன். அது இதற்கு உடன்பிறப்பு.

பலாக்காரர் என் சட்டைப்பையிலிருந்து நாரை உருவி எடுத்து, உடைந்த ரிம்மின் மேல் வைத்தார். அவரே போட்ட முடிச்சு, அவரே அளந்த ரிம். எட்டவில்லை. அரை விரல் குறைந்தது. நாரை மூக்கருகே கொண்டுபோய் மோந்து பார்த்தார்.

"காஞ்சுபோச்சுங்க" என்றார்.

"நீங்கதானுங்களே விட்டமே இதுல அளந்தம்னீங்க?"

"காலையில நார் கிழிச்சா மத்தியானத்துக்குள்ள மரத்த அறுத்துருவமுங்க. நாரப் பஸ்ஸு ஏத்தித் திருச்சிக்கு யாரு கூட்டிட்டுப் போனா?"

முதலில் சிரித்தது ஒரு பெண். கூடைக்காரி. பிறகு எல்லாரும். பலாக்காரரும் சிரித்தார், தன்னையும் சேர்த்துத்தான். "நாரு ஊருக்குப் போயி எளச்சுருச்சு" என்று யாரோ சொன்னார்கள். அந்த வாசகம் பிற்பாடு எனக்கு முன்பே துறையூர் போய்ச் சேர்ந்துவிட்டது. நானும் சிரித்தேன். ஆனால் ஒரு பலா அப்போதே அடியில் விண்டு, ஈ மொய்க்கத் தொடங்கியிருந்தது. சிரித்துக்கொண்டே அவர்கள் அதைத் திரும்பித் திரும்பிப் பார்த்ததை நானும் பார்த்தேன்.

மச்சான் எழுந்து வேட்டியைத் தட்டினார். "மாப்ளைக்கு ஆட்சேபணை இல்லீனா…" என்றார். எனக்கு என்ன ஆட்சேபணை இருக்க முடியும்? நானே முதல் பலாவைத் தூக்கி அவர் வண்டியில் வைத்தேன்.

கோழி கூப்பிட வண்டி புறப்பட்டது. திருச்சிக்கு நான் மறுபடியும் போயாகவேண்டும். அந்த நேரத்தில் பஸ் கிடையாது, துறையூர் வரைக்கும் மச்சானின் வண்டிதான். ஆகவே பலாக்களின் உச்சியில், மடியில் பொருந்தாத ரிம் இரண்டு, தோளில் உடைந்த ரிம் ஒன்று, அடியில் முள்ளும் பிசினுமாக உட்கார்ந்து போனேன். வழியில் ஒரு ஊர் பாக்கியில்லாமல் கேட்டார்கள், "என்னங்க, வேன் படுத்துருச்சா?" மச்சான் எனக்குச் சிரமம் வைக்காமல் எல்லாருக்கும் அவரே விவரமாகப் பதில் சொல்லிக்கொண்டு வந்தார். சந்தை கலைகிற நேரத்துக்குப் போய்ச் சேர்ந்தோம். முக்கால்வாசிப் பழம் நல்லபடியாக விற்றது. மிச்சம் வெடித்திருந்தது, என் வேட்டியோடு சேர்த்து.

திருச்சியில் கடைக்காரர் என்னைப் பார்த்ததும் உள்ளே போய், அன்றைக்கு முதலில் உருட்டிய ரிம்மையும் அதன் ஜோடியையும் எடுத்து வந்தார். தனியாக ஒதுக்கி வைத்திருந்தார்.

"இவ்வளவு சீக்கிரம் வருவீங்கன்னு நினைக்கல" என்றார்.

உடைந்த ரிம்மை அதன்மேல் கவிழ்த்தேன். ஆறு ஓட்டையும் ஆறு ஓட்டையோடு பொருந்தின. ஓட்டை வழியே கீழே தரை தெரிந்தது. தலையை நிமிர்த்தத் தோன்றவில்லை.

அடுத்த சந்தைக்கு வேன் தயாராக நின்றது. ஓடையை நான் தவழ்வது போலத் தாண்டியிருந்தேன். மச்சானின் வண்டியும் நின்றது. அவருக்கு அன்றைக்கும் வீட்டில் புழுக்கம். தலைச்சுமைகள் இறங்கி வந்தன. பலாக்காரர் இரண்டு வண்டியையும் மாறி மாறிப் பார்த்தார். வேனின் முன்சக்கரத்தைக் காலால் ஒரு தட்டுத் தட்டினார்.

"பாதி இதுல, பாதி அதுல" என்றார். எனக்கு மூச்சு வந்தது. பாதியாவது கிடைத்ததே!

"அப்ப நான் முன்னால போறனுங்க" என்று விசிறியைச் சுற்றப் போனேன்.

"அது வேணாம் சாமி. முன்னால போயி எங்கியாச்சும் நின்னுட்டா யாரு பாக்குறது? மாடு முன்னால போகட்டும். நீங்க பின்னாடியே வாங்க."

அப்படித்தான் போனோம். மாட்டின் நடைக்குக் கரிவண்டி ஓடாது, எஞ்சின் இழுக்க இழுக்கத்தான் கரி கனலும். இரண்டு கூப்பிடு தூரத்துக்கு ஒருமுறை அணைந்தது. இறங்கிச் சுற்றினேன், ஏறினேன், மறுபடி இறங்கினேன். புது ரிம்கள் மட்டும் ஒரு ஆட்டம் இல்லாமல் சுழன்றன. அவ்வளவு மெதுவாகப் போனால் எந்தச் சக்கரமும் ஆடாது. ஒரு இடத்தில் மச்சான் திரும்பிப் பார்த்து, "ஏனுங்க மாப்ள, ரொம்ப வேகமாப் போறனுங்களா?" என்றார்.

துறையூரில் பலாக்காரர் என் பாதியையும் மச்சான் பாதியையும் இறக்கி, ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்த்தார். எதிலும் விரிசல் இல்லை. கையைத் துடைத்துக்கொண்டு என்னிடம் வந்தார்.

"அடுத்த வாரம் நீங்க முன்னால போங்க" என்றார். நான் வாயெடுப்பதற்குள், "ஓடையில மட்டும் மாடு முன்னால போகட்டும்" என்றார்.