ஆற்றுக்கு விட்ட தெரு

நான் வேலை பார்க்கும் சிறு நகரம் ஜேர்மனியின் வடக்கில், ஆறு கடலோடு சேரும் இடத்துக்குக் கிட்ட இருக்கிறது. நிலம் தட்டை, சில இடங்களில் ஆற்று மட்டத்தை விடவும் தாழ்வு. ஆற்றுக்கும் வீடுகளுக்கும் நடுவே புல் மூடிய நீண்ட மண் அணை ஒன்று போகிறது. வயல்களில் தேங்கும் மழைத் தண்ணீர் தானாக ஆற்றுக்குப் போகாது. அணையோரத்து இறைப்பு நிலையத்தில் இருக்கும் பெரிய பம்புகள்தான் அதை ஆற்றுக்குள் இறைத்து விடும்.

அந்த நிலையத்தை முப்பது வருடம் பார்த்துக்கொண்டவர் என் பராமரிப்பில் இருந்தார். வீடு வீடாகப் போய் முதியவர்களைக் குளிப்பாட்டி, மருந்து கொடுத்து, காலுறை போட்டுவிடுவதுதான் என் வேலை. ஒரு வீட்டுக்கு இருபது நிமிடம். எண்பது வயது தாண்டிய அந்த மனிதர் அணையோரத் தெருவின் கடைசி வீட்டில் தனியாக இருந்தார். முழங்கால் இரண்டும் ஏலாது. தோட்டத்தில் மழை அளக்கும் கண்ணாடிக் குழாய் ஒன்று வைத்திருந்தார். நான் அதில் அளவைப் பார்த்துச் சொன்ன பிறகுதான் காலுறை போடக் காலை நீட்டுவார்.

ஒரு மாரிகாலம் மழை கிழமைக்கணக்கில் விடவில்லை. கடற்பக்கத்துக் காற்று ஆற்றை வடிய விடாமல் தடுத்தது. ஒரு நாள் காலை தீயணைப்புப் படையின் வாகனம் ஒலிபெருக்கியில் அறிவித்துக்கொண்டு போனது. அணையோரத் தெருவில் இருப்பவர்கள் மதியத்துக்குள் வெளியேற வேண்டுமாம். நான் போனபோது அவர் சமையலறைக் கதிரையில் அசையாமல் இருந்தார்.

"நான் வரேல்லை. முப்பது வருசம் இந்தத் தண்ணியை இறைச்சவன் நான். எனக்குத் தெரியாதது அவங்களுக்குத் தெரியுமோ?"

அவர் பேசியது ஜேர்மன் மொழியில். என் நினைவில் அது எங்கள் ஊர்த் தமிழாகவே பதிந்திருக்கிறது.

"உங்களுக்குத் தெரிஞ்சபடியால்தான் கேக்கிறன். அணை தாங்குமோ?"

அவர் யன்னலால் வெளியே பார்த்தார். அணையின் எங்கள் பக்கச் சரிவில், புல்லுக்குள்ளிருந்து தண்ணீர் கசிந்துகொண்டிருந்தது.

"சொல்ல ஏலாது," என்றார்.

"சண்டைக்குள்ளை நாங்கள் வீட்டை விட்டு ஓடேக்கை எனக்குப் பதினாலு வயசு," என்றேன். " போறதோ விடுறதோ எண்டு அம்மா ஒரு மணித்தியாலம் யோசிச்சா. அந்த நேரத்துக்குள்ளை எடுத்திருக்கக்கூடிய சாமான் ஒண்டும் எடுக்கேல்லை. நீங்கள் யோசியுங்கோ. நான் உங்கடை உடுப்புகளை அடுக்கிறன்."

அவர் நிமிர்ந்து என்னைப் பார்த்தார். நான் எப்படி இந்த நாட்டுக்கு வந்தேன் என்று அதுவரை அவர் கேட்டதில்லை. நானும் சொன்னதில்லை.

"நீங்கள் என்னத்தை எடுத்தனீங்கள்?"

"பிறப்புச் சான்றிதழும் பள்ளிக்கூட றிப்போட்டும். செருப்பை மறந்துபோனன்."

"அப்ப முதல்லை என்ரை சப்பாத்தை எடுங்கோ," என்றார்.

என் கணவர் வேலைத்தலத்தில் சொல்லிவிட்டு வந்து அவரைக் கதிரையோடு தூக்கிக் காருக்குக் கொண்டுபோனார். வெளியேறியவர்களைத் தங்கவைத்த பள்ளிக்கூட விளையாட்டு மண்டபத்தில் மடக்குக் கட்டில்கள் வரிசையாகப் போடப்பட்டிருந்தன. அதைப் பார்த்த கணவர், "அகதி முகாம் இஞ்சையும் எங்களை விடாது போல கிடக்கு," என்று தமிழில் என்னிடம் சொன்னார்.

அணை உடையவில்லை. ஆனால் தண்ணீர் நிலத்துக்கு அடியால் ஏறி, வீடுகளின் நிலவறைகளை நிரப்பியது. அவர் ஆறு நாள் மண்டபத்தில் இருந்துவிட்டு வீட்டுக்குத் திரும்பினார். கோடை வந்தும் சுவர்கள் காயவில்லை.

அடுத்த வருடம் அணையோரத் தெருவின் எல்லா வீடுகளுக்கும் அரசாங்கக் கடிதம் வந்தது. அணையை அதே இடத்தில் உயர்த்தினால் போதாது, பின்னுக்கு நகர்த்திக் கட்டப் போகிறோம், ஆறு பெருகும்போது பரவுவதற்கு அந்தத் தெரு வேண்டும் என்று எழுதியிருந்தார்கள். இருப்பவர்களுக்கு வேறு இடம் தரப்படும். கருத்துச் சொல்லத் தீயணைப்பு நிலையத்தில் கூட்டம். என் விடுமுறை நாளில் அவரைச் சக்கர நாற்காலியில் வைத்துக் கூட்டிக்கொண்டு போனேன்.

அதிகாரி வரைபடத்தை விரித்ததுமே சத்தம் எழும்பியது. கிழமைக்கொருமுறை முதியவரோடு சீட்டு விளையாடும் பக்கத்து வீட்டுக்காரர் எழும்பி, "எங்கடை அப்பா காலத்திலையிருந்து தாங்கின அணை. இனியும் தாங்கும்!" என்றார். எல்லோரும் கைதட்டினார்கள். பிறகு முதியவர் கையை உயர்த்தினார். ஒலிவாங்கியை நான் பிடித்துக்கொண்டேன்.

"நான் வேலைக்குச் சேர்ந்த காலத்திலை கோடையிலை பம்புகளைக் கழட்டித் துப்பரவாக்குவம். கடைசி வருசங்களிலை எப்ப மழை வருமெண்டு தெரியாமல் கழட்டப் பயந்தம். மாசக்கணக்கா மழையில்லாமல் அணை மண் பாளமாய் வெடிக்கும், பிறகு ஒரே நாளிலை கொட்டும். கடலும் முந்தி மாதிரி வத்தி உள்வாங்கிறேல்லை. கடல் வத்தினால்தானே ஆறு எங்கடை தண்ணியை வாங்கும்? ஆத்துக்கு இடம் வேணும். இடமெண்டு கிடக்கிறது எங்கடை தெருதான்."

ஒருவரும் கைதட்டவில்லை. அவர் அதிகாரி பக்கம் திரும்பினார்.

"இன்னொண்டு. உங்கடை கடிதத்திலை என்ரை வீட்டைப் 'பொருள், இலக்கம் ஏழு' எண்டு போட்டிருக்கு. அதை வீடு எண்டு எழுதுங்கோ."

அதிகாரி முகம் சிவந்து எதையோ குறித்துக்கொண்டார். பக்கத்து வீட்டுக்காரர் எங்களைத் திரும்பிப் பாராமல் தாண்டி வெளியே போனார்.

காரில் ஏற்றியதும் அவர் கைக்குட்டையை எடுத்தார். "அந்த வீடு நானும் மனிசியும் சேர்ந்து கட்டினது," என்றார்.

அன்று வீட்டில் நான் கணவர் மேல் காரணமில்லாமல் எரிந்து விழுந்தேன். பிறகு சொன்னேன். "ஒரு வருசத்துக்கு முன்னமே கடிதம் போட்டு, மேசையிலை படம் விரிச்சு, வாய் திறந்து சொல்ல விடினம். எங்களை ஆர் கேட்டவை?" கணவர் தேத்தண்ணீரை என் முன்னால் வைத்தார். "ஒருத்தரும் கேக்கேல்லைத்தான். அதுக்கு அந்த மனிசன் என்ன செய்யிறது?" எனக்குப் பொறாமை என்பது அப்போதுதான் எனக்கே விளங்கியது. அந்த முதியவர் மேல் அல்ல, அந்தக் கடிதத்தின் மேல்.

இப்போது முதியவர் நகர மத்தியில், மின்தூக்கி உள்ள கட்டடத்தின் இரண்டாம் மாடியில் இருக்கிறார். வீட்டை இடித்த நாளில், போய்ப் பார்த்து வரும்படி என்னைக் கேட்டார். இயந்திரம் கூரையிலிருந்து தொடங்கியது. மதியத்துக்குள் சமையலறையின் நீலச் சுவர் ஓடுகள் மட்டும் குவியலில் தெரிந்தன. போய்ச் சொன்னேன். "நிலவறையையும் தோண்டி எடுத்தவங்களோ? விட்டால் தண்ணி அதுக்குள்ளை நிண்டு நாறும்," என்றார். மறுநாள் திரும்பப் போய்ப் பார்த்து, "ஓம், எடுத்திட்டாங்கள்," என்றேன். தலையாட்டினார்.

பக்கத்து வீட்டுக்காரர் வழக்குப் போட்டு, சலித்து, கடைசியில் அவரும் வீட்டைக் கொடுக்கக் கையெழுத்து வைத்தார். போன மாதம் நான் மருந்துப் பெட்டியோடு முதியவரின் புது வீட்டுக்குள் போனபோது மேசையில் இரண்டு கோப்பைகள் இருந்தன. இருவரும் சீட்டைப் பார்த்தபடி இருந்தார்கள். "அஞ்சு நிமிசம் பொறுங்கோ, இந்த ஆட்டம் நான்தான் வெல்லப் போறன்," என்றார் முதியவர். நான் பொறுத்தேன்.