மாத்திச் சுத்துறது

நேற்று மத்தியானம் ஒரு பிளவுஸ் துணிக்குக் கழுத்து வெட்டிக்கொண்டிருந்தபோது மகள் போன் செய்தாள். பாலிடெக்னிக்கில் கண்காட்சியாம். இவளும் இவள் கூட்டாளிகளும் வயலுக்கு மருந்து அடிக்கிற டிரோனைப் பற்றித் தமிழில் போஸ்டர் எழுதுகிறார்களாம். டிரோனில் நாலு விசிறி இருக்கிறது, இரண்டு இந்தப் பக்கமும் இரண்டு அந்தப் பக்கமும் சுற்றுகின்றன, நாலும் ஒரே பக்கம் சுற்றினால் டிரோனே பம்பரமாகிவிடும் என்று மூச்சு விடாமல் சொன்னாள். அப்படி ஒன்றுக்கொன்று எதிராகச் சுற்றுவதற்கு இங்கிலீஷில் 'கவுண்டர் ரொட்டேட்' என்று ஒரு வினைச்சொல் இருக்கிறதாம். தமிழில் தேடினால் 'எதிர்ச்சுழல்' என்று வருகிறதாம்.

"வார்த்த நல்லாத்தாம்மா இருக்கு. ஆனா படிச்சா எதுவும் சுத்துற மாதிரியே இல்ல."

"மாத்திச் சுத்துறதுன்னு எழுதிக்க."

"அது பேச்சுத் தமிழும்மா. சார் ஒத்துக்க மாட்டாரு."

சரி, சார் ஒத்துக்கொள்கிற மாதிரியே எழுது என்று சொல்லி வைத்துவிட்டேன். ஆனால் கத்தரிக்கோலை மறுபடி எடுக்கத் தோன்றவில்லை. உங்களுக்கும் இப்படி இருக்கும், சில வார்த்தைகளைக் கேட்டால் ஒரு முகம் வந்து நிற்கும். 'மாத்திச் சுத்துறது' என்றால் எனக்கு வருகிற முகத்தில் இமை முடியெல்லாம் பஞ்சு ஒட்டியிருக்கும். நூர்ஜஹான் என்று பெயர். மில்லில் எல்லாருக்கும் நூரு.

இன்றைக்கு நாகல்நகரில் தையல் கடை வைத்திருக்கிற நான், கல்யாணத்துக்கு முன்னால் சில வருஷம் நூல் மில்லுக்குப் போனவள். அகரத்திலிருந்து மில் பஸ் வந்து ஏற்றிக்கொண்டு போகும். எங்கள் வீட்டில் மூன்று தலைமுறையாகக் கத்தரியும் சம்பங்கியும் போட்டவர்கள். கம்பெனி வேலைக்குப் போன முதல் பெண்பிள்ளை நான்தான் என்பதால், முதல் நாள் பஸ் ஏறும்போது ஏதோ கப்பல் ஏறுகிற மாதிரி அம்மா அழுதாள். சாயங்காலம் தலையெல்லாம் வெள்ளைப் பஞ்சோடு இறங்கினேன். "ஒரே நாள்ல கெழவியாகிட்டு வந்துட்டியேடி" என்று மறுபடி அழுதாள்.

என்னைப் போட்டது டபுளிங் பிரிவில். டபுளிங் என்றால் இரண்டு ஒற்றை நூலைச் சேர்த்து ஒரே நூலாக முறுக்குவது. அங்கேதான் அந்த வார்த்தையைக் கற்றுக்கொண்டேன். பஞ்சை நூலாக்குகிற ஸ்பின்னிங்கில் நூல் ஒரு பக்கமாக முறுக்கேறி வரும். நாங்கள் அந்த இரண்டு நூலையும் சேர்த்து எதிர்ப்பக்கமாக முறுக்க வேண்டும். அப்படி மாத்திச் சுத்தினால்தான் இரண்டும் ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு அமைதியாக இருக்கும். அதே பக்கமே சுற்றினால் அவ்வளவுதான், நூல் கோபித்துக்கொண்டு தேங்காய்த் துருவலாகச் சுருண்டுவிடும். நூலைத் தொங்கவிட்டால் அதன் வரி எந்த எழுத்தின் நடுக்கோடு மாதிரி சாய்கிறது என்று பார்த்து, ஸ்பின்னிங் முறுக்குக்கு இசட் என்றும், எங்கள் முறுக்குக்கு எஸ் என்றும் பெயர். ஏ பி சி டியில் இந்த இரண்டு எழுத்து மட்டும் தெரிந்தவர்கள் எங்களில் உண்டு. கேண்டீனில் வரிசை எந்தப் பக்கம் என்று கேட்டால்கூட "எஸ்ஸுல போய் நில்லு" என்பார்கள்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். மாத்திச் சுத்துறது வேறு, திரும்பிச் சுத்துறது வேறு. எங்கள் கிணற்றில் மூன்று பேஸ் மோட்டார். டிரான்ஸ்பார்மரில் ஏதாவது வேலை பார்த்துவிட்டு வயரை இடம் மாற்றிக் கொடுத்துவிட்டார்கள் என்றால், மோட்டார் உறுமிக்கொண்டு திரும்பிச் சுற்றும், தண்ணீர் வராது. அப்பா வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு யாரையோ திட்டியபடி வயர்மேனைத் தேடிப் போவார். அது கோளாறு. மாத்திச் சுத்துறதுக்கு எப்போதும் இரண்டு பேர் வேண்டும். பஸ் ஸ்டாண்டில் கரும்புச் சாறு மெஷினைப் பாருங்கள். ஒரு உருளை இப்படியும் இன்னொன்று அப்படியும் சுற்றுவதால்தான் கரும்பை உள்ளே இழுக்கிறது. இதைப் போஸ்டரில் எழுதியிருந்தால் சாருக்கும் ஒரு டம்ளர் குடிக்கத் தோன்றியிருக்கும்.

நூருவுக்கு வருகிறேன். அவளுக்கும் எனக்கும் ஒரே மெஷின். நான் முதல் ஷிப்டு என்றால் அவள் இரண்டாம் ஷிப்டு. வாரம் மாறினால் அவள் முதல், நான் இரண்டாவது. எப்படிச் சுற்றி வந்தாலும் நாங்கள் இரண்டு பேரும் சேர்ந்து நிற்கிறது மெஷினைக் கைமாற்றுகிற அந்தச் செத்த நேரம்தான். அதற்குள் நூல் சுற்றுகிற கதிர்களில் எந்த ஸ்பிண்டில் தகராறு செய்கிறது என்று சொல்ல வேண்டும், ஊர்க்கதையும் பேச வேண்டும். மெஷின் சத்தத்தில் காதுக்குள் வாயை வைத்துக் கத்துவோம். நாங்கள் பேசிய ரகசியம் எல்லாமே கத்திப் பேசியதுதான்.

மீதியை டப்பா பேசும். மெஷினுக்குப் பின்னால் எண்ணெய்த் துணி வைக்கிற மூலையில் ஒரு சின்ன எவர்சில்வர் டப்பா இருக்கும். அவள் பேகம்பூர்க்காரி. அவள் அத்தா, அப்பாவை அப்படித்தான் கூப்பிடுவாள், தோல் கிடங்கில் வேலை பார்த்தார். வெள்ளிக்கிழமை டப்பாவைத் திறந்தால் நெய்ச்சோறு வாசம் வரும். சில நாள் ஆட்டு ஈரல் வெஞ்சனம் இருக்கும். என் முறைக்கு ஆயக்குடி கொய்யாவை நறுக்கி உப்பும் மிளகாய்ப்பொடியும் போட்டு வைப்பேன். பத்துத் துண்டு வைத்தால் ஒன்பதைத் தின்றுவிட்டு ஒன்றை எனக்கே மிச்சம் வைத்திருப்பாள். அந்த ஒன்று வாடி வதங்கிக் கிடக்கும். அதையும் தின்பேன்.

ஒருநாள் ஷிப்டு மாறும்போது அவள் என் காதில் கத்தினாள், நிக்காஹ் முடிவாகிவிட்டது என்று. மாப்பிள்ளைக்கு வத்தலக்குண்டு பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் செருப்புக் கடை. ஆயுத பூஜை முடிந்த மறுவாரம். அதற்கப்புறம் வேலைக்கு வர மாட்டாள். சந்தோஷம் என்று நானும் கத்தினேன். சந்தோஷம்தான். ஆனால் பஸ்ஸில் வரும்போது எண்ணிப் பார்த்தேன், இத்தனை காலப் பழக்கத்தில் நாங்கள் சேர்ந்து உட்கார்ந்து ஒரு டீ குடித்ததில்லை. மில்லில் எல்லா மெஷினும் நின்று இரண்டு ஷிப்டும் ஒன்றாக இருக்கிற நாள் வருஷத்துக்கு ஒன்றுதான், ஆயுத பூஜை. அந்த ஒருநாளில் அவளோடு சேர்ந்து ஏதாவது செய்துவிட வேண்டும், அது நல்லபடியாக அமைய வேண்டும் என்று மனசுக்குள் பிடிவாதம் வந்துவிட்டது.

அந்த வருஷம், டைம் ஆபீஸில் எங்கள் வருகையைப் பதிகிற செல்வி அக்கா பின்னல் கோலாட்டம் ஆடலாம் என்றாள். மேலே கொக்கியிலிருந்து கலர் கலராகக் கயிறு தொங்கும். ஆளுக்கு ஒரு கயிற்றைப் பிடித்துக்கொண்டு, பாதிப் பேர் ஒரு பக்கமும் பாதிப் பேர் எதிர்ப்பக்கமும், ஒருவருக்கு உள்ளே ஒருவருக்கு வெளியே என்று நுழைந்து நுழைந்து சுற்றினால், மேலேயிருந்து சடை மாதிரி பின்னல் இறங்கி வரும். அப்புறம் அதே மாதிரி பின்னால் சுற்றி அவிழ்க்க வேண்டும். ஷிப்டுக்கு ஆறு பேர். நானும் நூருவும் முதலில் பேர் கொடுத்தோம்.

பழக்கியதுதான் வேடிக்கை. ஷிப்டு வேறு வேறு என்பதால் எங்களைத் தனியாகவும் அவர்களைத் தனியாகவும் பேக்கிங் ஹாலில் பழக்கினாள். எதிரே வர ஆள் இல்லையே, அதற்கு நூல் சுற்றிய கோன்களைப் போடுகிற பிளாஸ்டிக் கூடைகளை வட்டமாக வைத்தாள். வெறுங்கையோடு கூடைக்கு உள்ளே, கூடைக்கு வெளியே என்று ஓடிக்கொண்டிருந்தோம். கயிறு பூஜைக்கு முதல் நாள்தான் தயாரானது, சாயம் போட்ட கழிவு நூலில் நாங்களே திரித்தது.

பூஜையன்று மெஷினுக்கெல்லாம் சந்தனம், குங்குமம், வாழைக்கன்று. மில் சத்தம் இல்லாததால் எல்லாரும் தேவையில்லாமல் கத்திப் பேசிக்கொண்டிருந்தோம். பேக்கிங் ஹாலில் பழைய ஃபேன் கொக்கியில் கயிறுகள் தொங்கின. நான், அடுத்து நூரு, அடுத்து எங்கள் ஷிப்டு, அவர்கள் ஷிப்டு என்று மாற்றி மாற்றி நின்றோம். ஸ்பீக்கரில் பாட்டு ஆரம்பித்தது. கிளம்பினோம்.

எதிரே முகம் வரும் என்று பார்த்தால் முதுகு. நூருவின் தாவணி முதுகு. பன்னிரண்டு பேரும் ஒரே பக்கமாகப் போய்க்கொண்டிருந்தோம். செல்வி அக்கா பள்ளிக்கூடத்தில் ஆடியபோது ஒரு பக்கமாகத்தான் ஆடியிருக்கிறாள். தனக்குத் தெரிந்ததை இரண்டு ஷிப்டுக்கும் மனசாரச் சொல்லிக்கொடுத்துவிட்டாள். நின்றால் வெட்கக்கேடு என்று யாரும் நிற்கவில்லை. சூப்பர்வைசர்கள் வேறு கை தட்டினார்கள். மேலே கயிறுகள் பின்னலாகாமல் ஒரே வடமாக முறுக்கேறின. முறுக்கேற ஏறக் கயிறு குறைந்தது. குறையக் குறைய எங்களை நடுவுக்கு இழுத்தது. கடைசியில் பன்னிரண்டு பேரும் ஒரு முழ வட்டத்துக்குள் தோளும் தோளும் இடித்துக்கொண்டு நின்றோம். நூருவின் கன்னம் என் கன்னத்தில் ஒட்டியிருந்தது. அவள் சிரிக்கிறாள், எனக்கு அழுகை முட்டுகிறது. இருக்கிறது ஒரே நாள், அதுவும் இப்படியா போக வேண்டும்?

செல்வி அக்கா ஓடிவந்து, பாதிப் பேர் வலது பக்கம் போங்கள் என்றாள். வட்டத்தில் நிற்கிறவர்களுக்கு எது வலது? ஆளுக்கொரு பக்கம் திரும்பினோம். சாப்பாட்டுக்கு இலை போட்டாகிவிட்டது, விட்டுவிட்டு வாங்கம்மா என்று மேனேஜர் சொல்லியனுப்பினார். சிலர் கயிற்றை விடவும் தொடங்கினார்கள். அப்போதுதான் நூரு மில் சத்தத்துக்கு மேலே கத்துகிற அதே குரலில் சொன்னாள்.

"அவுத்துட்டு மொதல்லருந்து வருவோம். நாங்க இசட்டுல போறோம். நீங்க ஆறு பேரும் எஸ்ஸுல வாங்க. மாத்திச் சுத்துங்கடி."

அவ்வளவுதான், அத்தனை பேருக்கும் விளங்கிவிட்டது. முறுக்கை அவிழ்த்து, பாட்டை மறுபடி போடச் சொல்லி, மாத்திச் சுத்தினோம்.

என் கால் இருக்கிறதே, அது இசட் மட்டும் படித்த கால். எஸ்ஸில் எங்கே உள்ளே போவது, எங்கே வெளியே வருவது என்று ஒன்றும் தெரியவில்லை. ஆனால் ஒரு அதிசயம். ஒரே பக்கம் போனபோது அவள் முதுகை மட்டும் பார்த்த எனக்கு, இப்போது சுற்றுக்கு இரண்டு தடவை அவள் முகம் எதிரே வந்தது. வரும்போதெல்லாம் ஒரு வார்த்தை சொல்லிவிட்டுப் போனாள்.

"உள்ள வா."

போய்விட்டாள். மறுபடி வந்தாள்.

"இப்ப வெளிய. அழுகாத."

அடுத்த தடவை, "வத்தலக்குண்டு என்ன வெளிநாடா?"

அடுத்த தடவை, "நிக்காஹுக்கு முன்னாடி நாளே வந்துரணும்."

நானும் ஏதாவது சொல்ல வேண்டும் என்று வார்த்தையைத் தயார் செய்துகொண்டு போவேன். அதற்குள் அவள் கடந்துவிடுவாள். கடைசிச் சுற்றில் ஒருவழியாகச் சொல்லிவிட்டேன், "டப்பாவ நீயே எடுத்துட்டுப் போ" என்று. அவள் திரும்பிப் பார்த்தாள். ஒரு அடி தவறவிட்டாள். பின்னலில் அந்த இடத்தில் மட்டும் ஒரு கண் பெரிதாக விழுந்தது.

நிமிர்ந்து பார்த்தால் பச்சையும் சிவப்புமாகப் பின்னல் இறங்கியிருந்தது. ஹால் முழுக்கக் கைதட்டல். இனி அவிழ்க்கிற ஆட்டம் என்று செல்வி அக்கா கையைத் தூக்கினாள். நூரு தன் கயிற்று நுனியை என் கயிற்றோடு சேர்த்து ஒரு முடிச்சுப் போட்டாள்.

"இருக்கட்டும்க்கா. அவுக்க வேணாம்."

ஆட்டம் பாதியில் நின்றால் நல்லாயிருக்காது என்று செல்வி அக்கா முணுமுணுத்தாள். ஆனால் இலையில் பாயசம் ஊற்ற ஆரம்பித்திருந்தார்கள், அதனால் எங்கள் பக்கம் ஜெயித்தது. அன்றைக்கு நானும் நூருவும் பக்கத்துப் பக்கத்து இலையில் உட்கார்ந்து சாப்பிட்டோம். நிதானமாக, கத்தாமல் பேசிக்கொண்டு. என்ன பேசினோம் என்று மட்டும் ஞாபகமே இல்லை.

நிக்காஹுக்கு முதல் நாளே போனேன். இன்றைக்கும் வத்தலக்குண்டு போனால் அவள் கடையில்தான் செருப்பு வாங்குவேன். பேரன் எடுத்துவிட்டாள். அந்த எவர்சில்வர் டப்பாவில் இப்போது கடைச் சாவி போட்டு வைத்திருக்கிறாள். அதனால் நான் எதையும் இழந்துவிட்டேன் என்று நீங்கள் பாவப்பட வேண்டாம்.

பின்னல் அந்தக் கொக்கியிலேயே வெகுகாலம் தொங்கியது. அடுத்தடுத்த வருஷம் யாருக்கும் கோலாட்டம் ஞாபகம் வரவில்லை. பஞ்சு படிந்து பச்சையும் சிவப்பும் ஒரே சாம்பலானது. அந்தப் பெரிய கண்ணை மட்டும் நான் போகிறபோது வருகிறபோது அண்ணாந்து பார்த்துக்கொள்வேன். அப்புறம் எனக்குக் கல்யாணம் ஆனது. மில் கைமாறியது. போன மாதம் வேடசந்தூர் பஸ்ஸில் மில் வழியாகப் போகும்போது பார்த்தேன், ஷெட்டெல்லாம் பிரித்து எடுத்துவிட்டு மனை அளந்து கல் நட்டிருந்தார்கள்.

பின்னலை என்ன செய்திருப்பார்கள் என்று யோசித்துக்கொண்டே வந்தேன். வெட்டித்தான் எடுத்திருப்பார்கள். அதை அவிழ்க்க வேண்டுமென்றால் இரண்டு ஷிப்டு ஆளும் வர வேண்டுமே.