ஓர் எழுத்தின் அளவு

எல்ஃப்ரீடே நோவாக் பதினோரு ஆண்டுகள் ஊமைப்படங்களுக்கு வசன அட்டை எழுதினார். டெம்பல்ஹோஃப் படப்பிடிப்புக் கூடத்தின் மாடியில், வடக்கு ஜன்னலோரம் அவருடைய மேசை. கறுப்பு அட்டையில் வெள்ளை மையால் எழுதுவார். எழுதியதைக் கடைசிச் சொல்லிலிருந்து முதற்சொல்வரை பின்னோக்கிப் படித்துச் சரிபார்ப்பார். அப்படிப் படித்தால் எழுத்துப்பிழை தப்பாது, பொருள் தப்பிவிடும்.

1926இல் இயக்குநர் ருஷ்கே, ஒட்டிலி பிராமர் என்ற அம்மையாரின் நாவலைப் படமாக்கினார். ஆறு பாகங்கள், நூற்று நாற்பத்து மூன்று அட்டைகள். எல்லாவற்றையும் 'கேப்பிடல்' எனப்படும் பெரிய எழுத்திலேயே எழுதச் சொன்னார். அதுதான் அப்போதைய புதுப்பாணி. தொண்ணூற்றெட்டாவது அட்டையில், மனைவி பிரிந்துபோன மருத்துவன் அவளுடைய தோழியிடம், "நான் அவளை நேசிக்கிறேன்" என்கிறான். ஜெர்மன் மொழியில் 'அவளை' என்பதும் 'உங்களை' என்பதும் 'ஸீ' என்ற ஒரே சொல்தான். முதலெழுத்து சிறியதானால் அவள், பெரியதானால் நீங்கள். எல்லாமே பெரிய எழுத்தானபோது அந்த வேறுபாடு அழிந்தது.

முன்னோட்டக் காட்சியில் அரங்கம் திடுக்கிட்டது.

"அடப்பாவி! பொண்டாட்டி போய் ஒரு வாரம் ஆகல, அதுக்குள்ள சிநேகிதிகிட்டயா?" என்றாள் பின்வரிசைப் பெண் ஒருத்தி.

"அவன் மூஞ்சிக்கு இதுவே அதிகம்டி" என்றாள் பக்கத்தில் இருந்தவள்.

ருஷ்கே மறுநாள் காலையில் மாடியேறி வந்தார்.

"அம்மணி, உங்க தப்பு நம்ம படத்தைத் தூக்கி நிறுத்திடுச்சு. அந்த அட்டையைத் தொடாதீங்க."

"கதை மாறிடுதே, டைரக்டர் சார்."

"மாறட்டுமே! பிராமர் அம்மா மதியம் வர்றாங்க. வேணும்னுதான் அப்படி எழுதினோம்னு சொல்லுங்க. அடுத்த படமும் உங்களுக்குத்தான். இல்லேன்னா வேற ஆளைப் பார்த்துக்குவேன்."

மதியம் நாவலாசிரியை வந்தார். தொப்பியைக்கூடக் கழற்றவில்லை.

"என் டாக்டர் இருநூறு பக்கம் அவளுக்காக ஏங்குறான். ஒரே அட்டையில அவனைப் பொறுக்கியாக்கிட்டீங்களே! இது யாரோட யோசனை, நோவாக்?"

ருஷ்கே ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார்.

"யாரோட யோசனையும் இல்லீங்க, அம்மா. நான் கவனிக்கல. என் தப்பு."

"அவங்க களைச்சுப் போயிருக்காங்க" என்றார் ருஷ்கே.

"நல்லாத்தான் இருக்கேன், சார்" என்ற எல்ஃப்ரீடே, தணிக்கைக் குழுவின் முத்திரையிட்ட தாளை எடுத்து நீட்டினார். அதில் தட்டச்சான வாசகங்களில் அந்தச் சொல் சிறிய எழுத்தில் இருந்தது. படத்தைக் காட்ட அனுமதி அந்த வாசகத்துக்குத்தான்.

அன்று பிற்பகலே எல்ஃப்ரீடே அட்டையைத் திருத்தினார். மற்றச் சொற்களைப் பெரிய எழுத்திலேயே விட்டு, அந்த ஒரு சொல்லை மட்டும் முழுவதும் சிறிய எழுத்தில் எழுதினார். பார்ப்பதற்கு அது கோணலாக இருந்ததை அவரும் ஒப்புக்கொண்டார்.

வெள்ளிக்கிழமை வெளியீட்டில் அந்த இடத்தில் யாரும் திடுக்கிடவில்லை. ஒருவர் இருமினார். பிராமர் அம்மையார் கைக்குட்டையை எடுத்தார். பத்திரிகைகள் படத்தைச் சுமார் என்று எழுதின.

ருஷ்கே சொன்ன சொல்லைக் காப்பாற்றினார். அடுத்த படத்தின் அட்டைகளை வேறொருவர் எழுதினார். எல்ஃப்ரீடே நொய்கொல்ன் பகுதியில் ஒரு பட்டறையில் சேர்ந்து, மருந்துக்கடைப் பீங்கான் ஜாடிகளுக்குப் பெயர் எழுதினார். அந்தப் படத்தை அவர் மறுமுறை பார்த்ததாகத் தெரியவில்லை.