கறைப்பழமும் ஒரு துப்பும்

பன்னிரண்டு வருடங்களுக்கு முன் நாற்றுப் பண்ணைக்கு நிழல்வலை தைக்க வந்தவள், பைகளில் மண் நிரப்பும் மேசையிலேயே தங்கிவிட்டாள். தண்ணீர்க் குழாய் பிடிக்கும் நாத்தனார் "அண்ணி" என்று கூப்பிடப்போய், பண்ணை முழுக்க அவளுக்கு அதுவே பெயராயிற்று. அப்பா வைத்த பட்டம் வேறு. பஸ்ஸைத் தவறவிட்டாலும் சரி, பாலைப் பொங்கவிட்டாலும் சரி, "துப்புக் கெட்டவ" என்பார்.

அண்ணிக்கு இருந்தது ஒரே ஆசை: கறைப்பழச் செடியை விதையிலிருந்து எழுப்பிவிட வேண்டும். காட்டு நிழலில் இடுப்பளவு வளரும் புதர் அது. பழம் கோலிக்குண்டு அளவு, கன்னங்கரேல் என்று இருக்கும்; தின்றால் அரை நாளைக்கு நாக்கு ஊதா. காட்டில் புதர்கள் அருகிக்கொண்டே வந்தன. மூன்று வருடமாக அவளும் விதையைக் கழுவி, காயவைத்து, தட்டுத் தட்டாக ஊன்றிப் பார்த்தாள். ஒன்றுகூட மண்ணைவிட்டு எட்டிப் பார்க்கவில்லை.

அன்று காலை மேலாளர் வந்து தட்டுகளைப் பார்த்து உதட்டைப் பிதுக்கினார்.

"போதும்மா. வேலிச்செடி லாரி வந்துட்டிருக்கு. இதையெல்லாம் கொட்டிட்டு இடத்தைக் காலி பண்ணுங்க."

"இன்னும் ஒரே ஒரு மாசம் சார்," என்றாள், வாயைக் கையால் பொத்தியபடி.

"மூணு வருஷமா இதையேதான் சொல்றீங்க."

அவர் போனதும் கண்ணீரை மறைக்க ஜன்னல் பக்கம் திரும்பினாள். வெளியே எட்டிப் பார்த்தவள் கத்தினாள்.

"ஏய், ஓடி வாடி!"

"என்ன அண்ணி, பாம்பா?" குழாயைப் போட்டுவிட்டு ஓடிவந்தாள் நாத்தனார்.

"பாம்பு இல்லடி, என் புள்ளைங்க!"

ஜன்னலுக்கு அடியில் முன்பெல்லாம் வெறும் சிமெண்டுத் தரை. போன மழைக்குத்தான் அங்கே மக்கிய மரத்தூளைக் குவித்திருந்தார்கள். அதில் பத்துப் பன்னிரண்டு முளைகள்! சிவந்த தண்டு, ரம்பப் பல் வைத்த இலை. சிலவற்றின் தலையில் பிளந்த விதை தொப்பிபோல இன்னும் ஒட்டிக்கொண்டிருந்தது. சாட்சாத் கறைப்பழ விதை.

"இங்க யாரு அண்ணி விதைச்சது?"

அண்ணி திரும்பி உள்ளே பார்த்தாள். விதைப் பழக் கூடைக்கு மேலே, மேலாளர் கைப்பட எழுதிய பலகை தொங்கியது: 'விதைப் பழத்தில் வாய் வைத்தால் வேலை இல்லை.' மண் நிரப்பும்போது ஒரு பழத்தை வாயில் போட்டு, விதையை மிட்டாய்போல ஒரு மணி நேரம் சப்பி, ஜன்னல் வழியே 'த்தூ' என்று துப்புவது அவளுடைய பழக்கம். நாக்கைக் காட்ட முடியாமல் காலையில் அதிகம் பேசமாட்டாள். அடக்கமானவள் என்று ஊரே மெச்சிக்கொண்டிருந்தது.

நாத்தனாருக்குப் புரிந்துவிட்டது. "அடிப்பாவி! சும்மா இரு அண்ணி. பறவை போட்டுச்சுன்னு சொல்லிடலாம்."

"பறவைன்னு சொன்னா, எப்படி முளைக்குதுன்னு யாருக்குடி தெரியும்? திரும்பவும் கழுவிக் காயவெச்சுக்கிட்டு உக்காந்திருக்கணும்."

வாசலில் லாரி ஹாரன் அடித்தது. ஒரு முளையை மரத்தூளோடு உள்ளங்கையில் அள்ளிக்கொண்டு மேலாளரிடம் ஓடினாள். அந்தக் கனத்த உடம்பு அப்படி ஓடும் என்று நாத்தனாரே நினைத்ததில்லை.

"சார், தட்டைக் கொட்டாதீங்க! முளைச்சிடுச்சு!"

மேலாளர் கண்ணாடியை ஏற்றிவிட்டுப் பார்த்தார். குரல் மாறிவிட்டது. "இது... இது எங்க இருந்துச்சு? யாரு போட்டது?"

அண்ணி கண்ணை இறுக மூடிக்கொண்டு நாக்கை நீட்டினாள். நல்ல ஊதா.

மேலாளர் நாக்கைப் பார்த்தார், முளையைப் பார்த்தார், உள்ளே தொங்கிய பலகையைப் பார்த்தார்.

"விதை மேல ஒரு வழவழப்பு இருக்கு சார். தண்ணில கழுவினா போகாது, சப்பினாத்தான் போகும்போல," என்று படபடவென்று கொட்டினாள். "எங்கப்பா என்னைத் துப்புக் கெட்டவம்பாரு சார். பாருங்க, துப்பினதுலதான் துப்பே கிடைச்சிருக்கு! வேலையை விட்டு அனுப்புறதுன்னா அனுப்புங்க. தட்டை மட்டும் விட்டுடுங்க."

மேலாளர் உள்ளே போய்ப் பலகையைக் கழற்றிச் சுவரோரம் திருப்பி வைத்தார். கூடையிலிருந்து ஒரு பழத்தை எடுத்து வாயில் போட்டுக்கொண்டார்.

"எவ்வளவு நேரம் சப்பணும்?"

"இனிப்பு சுத்தமாப் போறவரைக்கும் சார்!"

நாத்தனார் அதற்குள் இரண்டை எடுத்து அடக்கிக்கொண்டாள். அண்ணியும் ஒன்று போட்டுக்கொண்டாள், முதல் தடவையாகத் திருட்டுத்தனம் இல்லாமல்.

லாரிக்காரர் உள்ளே வந்து, வேலிச்செடியை எங்கே இறக்குவது என்று கேட்டார். கன்னம் உப்ப நின்ற மூன்று பேரும், வாயைத் திறக்காமல், மூன்று திசையில் கை காட்டினார்கள்.