லில்லிக்கு முன்னால் நடந்தவர்

பிளாஸ்டிக் ஸ்டூலில் உட்கார்ந்து, மடியில் சாக்கை விரித்து, லில்லியின் முன்னங்காலை அதன்மேல் வாங்கிக்கொண்டு, குளம்புக்குள் அப்பியிருந்த லத்தியைப் பழைய ஸ்க்ரூடிரைவரால் நெம்பி எடுத்துக்கொண்டிருந்தார் பிரேம்சிங். ஒரு கால் முடிந்ததும் தன் தொடையில் ஒரு தட்டுத் தட்டுவார். குதிரை தானாகச் சுற்றி வந்து அடுத்த காலைக் கொடுக்கும். அவர் எழுந்திருக்க வேண்டியதில்லை.

முன்பெல்லாம் குனிந்து நின்றுதான் செய்வார். கார்த்திகையில் சர்க்கரைப் புண்ணால் வலது காலில் இரண்டு விரல்களை எடுத்த பிறகு வந்த ஏற்பாடு இந்த ஸ்டூல். ஈரத்தில் கால் வைக்கவே கூடாது என்று ஆஸ்பத்திரியில் சொல்லி அனுப்பியிருந்தார்கள். கட்டுப் போட்ட காலுக்கு மேல் ஒரு ஜவுளிக்கடைப் பையை இறுக்கிக் கட்டிக்கொண்டு லாயத்துக்குள் போய்விடுவார். அவர் மனைவி சுந்தரபாய், பள்ளிக்கூடத்துச் சத்துணவு வேலைக்குக் கிளம்புகிற அவசரத்தில் பின்வாசலில் நின்று அதைப் பார்ப்பார். கதவைச் சாத்துவார். சொல்ல வேண்டியதையெல்லாம் சொல்லித் தீர்த்தாயிற்று. அவர்கள் வீட்டுக்கும் எங்கள் வீட்டுக்கும் ஒரே சுவர் என்பதால் அவையெல்லாம் எனக்கும் தெரியும்.

பிரேம்சிங்குக்கு வயது ஐம்பத்தாறு. கல்யாண ஊர்வலத்துக்குக் குதிரை விடுவது தொழில். சங்கரன்கோவிலில் மண்டபத்துக் கல்யாணமோ, பள்ளிவாசல் தெரு நிக்காஹ்வோ, சர்ச் கல்யாணமோ, மாப்பிள்ளை குதிரையில் வர வேண்டுமென்றால் இவரைத்தான் கூப்பிடுவார்கள். அன்றைக்கு மட்டும் வெள்ளை முழுக்கைச் சட்டையும் பாலிஷ் போட்ட ஷூவும். கயிற்றை இறுக்கிப் பிடிக்காமல், "வா மக்கா, வா மக்கா" என்று வாய்க்குள் முனகிக்கொண்டே முன்னால் நடப்பார். அத்தனை மேளத்துக்கு நடுவிலும் அந்த முனகல் கேட்டு, அவர் முதுகைப் பார்த்தபடி அந்த வெள்ளைப் பெட்டைக் குதிரை பின்னால் வரும். பத்தடிக்கு ஒரு தடவை நிற்க வேண்டும். மேளக்காரர்கள் ஒரு சுற்று வாசிப்பார்கள். வீடியோக்காரர் பின்னோக்கி நடந்து படம் பிடிப்பார். சித்தப்பா யாராவது ஒருவர் சரவெடியைக் கொளுத்துவார்.

இந்த நடை அவர் உடம்போடு ஒட்டிப்போனது. காய்கறி வாங்கப் போனாலும் பத்தடி நடப்பார், நிற்பார், பக்கவாட்டில் ஒரு பார்வை, பிறகு நடப்பார். பூக்கடை ராஜேஸ்வரி விடமாட்டார்.

"அண்ணாச்சி, இன்னைக்கு யாரு மாப்ளே?"

"நான்தான். பொண்ணு வீட்டுக்குத்தான் இன்னும் தாக்கல் சொல்லல."

ஞாயிற்றுக்கிழமை ஆராதனையில் எப்போதும் கடைசி பெஞ்ச். எவ்வளவு சோப்புப் போட்டாலும் குதிரை வாடை போகாது என்பது அவருக்குத் தெரியும். பாட்டு மட்டும் எல்லாருக்கும் அரை அடி முன்னால் பாடுவார்.

லில்லிக்கு முன்பு அவரிடம் ஒரு செவலைக் குதிரை இருந்தது. திருவேங்கடத்தில் ஒரு கல்யாணம். வெடிச் சத்தத்தில் மாப்பிள்ளை பயந்துபோய் இரண்டு குதிங்கால்களையும் அதன் விலாவில் இறுக்கிவிட்டான். குதிங்கால் பட்டால் போக வேண்டும் என்பதுதான் எந்தக் குதிரைக்கும் முதல் பாடம். செவலை மண்டபத்தைத் தாண்டி, டீக்கடைகளைத் தாண்டி, கரிசல் காட்டுக்குள் மாப்பிள்ளையோடு போய்விட்டது. "தாலி கட்டும்போது சட்டை பூரா பருத்தி இலை வே. ஐயருக்கே சிரிப்பு அடக்க முடியல" என்பார்.

அதனால் லில்லியை வாங்கியதும் முதல் வேலையாகப் பாடத்தைத் திருப்பிப் போட்டார். யாரையாவது மேலே உட்கார வைத்துக் குதிங்காலால் அழுத்தச் சொல்வார். இவர் முன்னால் தலைக்கயிற்றைப் பிடித்துக்கொண்டு அசையாமல் நிற்பார். குதிரையும் அசையாமல் நின்றால் ஒரு துண்டு கருப்பட்டி. ஆறு மாதம் இதே வேலை. அதற்குப் பிறகு எந்த மாப்பிள்ளை எப்படி நடுங்கி இறுக்கினாலும் லில்லி கல்லாக நின்றுவிடும். பிரேம்சிங் முன்னால் அடி எடுத்து வைத்தால்தான் நடக்கும். "பயந்தவன் என்ன செய்வான்? காலை இறுக்குவான். எங்க லில்லிக்கு அதுதான் பிரேக்கு" என்று பத்து வருடமாக அவர் யாரிடமும் சொல்லாமல் விட்டது கிடையாது.

இனி அவரால் ஊர்வலத்தில் மூன்று மணி நேரம் நடக்க முடியாது. தை மாதத்துக் கல்யாணங்களையெல்லாம் வேண்டாமென்று சொல்லிவிட்டார். வேலை இல்லாவிட்டாலும் லில்லி பாட்டுக்கு நிற்கட்டும் என்றவரிடம் சுந்தரபாய் கறாராகச் சொன்னார்.

"அது இங்கன நிக்க வரைக்கும் நீங்க லாயத்துக்குள்ள போகாம இருக்க மாட்டிய. இன்னொரு புண்ணு வந்தா முழங்காலோட எடுக்கணும்னு சொல்லியிருக்காவ. எனக்குப் புருசன் வேணும்."

சந்தைத் தரகர் ஒருவர் இரண்டு தடவை வந்து லில்லியின் பல்லைப் பார்த்துவிட்டுப் போனார். அவரிடம் போன வயசான குதிரைகள் பிறகு எங்கே போயின என்று ஊரில் யாருக்கும் தெரியாது. லில்லிக்குப் பதினாலு வயது. தரகர் வந்துபோன இரண்டு நாளும் பிரேம்சிங் பாதிச் சோற்றிலேயே தட்டில் கை கழுவிவிட்டு எழுந்துவிட்டார்.

தென்காசி ரோட்டில் பிள்ளைகளுக்குக் குதிரையேற்றம் சொல்லிக்கொடுக்கும் வெள்ளத்துரையைத் தேடிப் பிடித்து வரவழைத்தது அதன் பிறகுதான். நாற்பது வயது இருக்கும். குதிரைகளுக்கு மேய்ச்சலும் நிழலும் வைத்திருக்கிற ஆள் என்று விசாரித்திருந்தார். வெள்ளத்துரை வந்தார், ஏறினார், குதிங்காலால் தட்டினார். லில்லி நின்றது. கொஞ்சம் அழுத்தினார். இன்னும் திடமாக நின்றது.

"என்ன அண்ணாச்சி, எஞ்சின் இல்லாத மாடலா?"

பிரேம்சிங் சிரிக்கவில்லை. "நான் கெடுத்து வச்சிருக்கேன் தம்பி" என்றார்.

வெள்ளத்துரை இறங்கிச் சேணத்தைத் தூக்கி, முதுகெலும்பு நெடுக விரலால் அழுத்திப் பார்த்தார். நோவு இருந்தாலும் குதிரை நடக்காது. நோவு எதுவும் இல்லை. விஷயத்தை முழுசாகக் கேட்டுக்கொண்டார்.

"கம்பு எடுத்தா நடந்துரும். ஆனா பிள்ளைங்க கையில நான் கம்பு குடுக்க மாட்டேன். அடிக்குப் பயந்து நடக்க குதிரை, ஒருநாள் பிள்ளையத் தூக்கி எறிஞ்சுரும். கால் பட்டா மனசோட நடக்கணும். ஒரு மாசம் தாரேன். நடந்தா நான் கூட்டிட்டுப் போறேன்."

யார் ஏறிப் பழக்குவது? பிரேம்சிங்கின் கட்டுப் போட்ட கால், சேணத்தில் தொங்கும் அங்கவடியின் வளையத்துக்குள் நுழையாது. மகள் ஜெபிஷா பெங்களூரில் இருக்கிறாள். கடைசியில் ஏறியது சுந்தரபாய்தான்.

பத்து வருடமாக அந்தக் குதிரையோடு அவருக்குப் பேச்சுவார்த்தையே கிடையாது. மகள் விட்டுப்போன சுடிதாரைப் போட்டுக்கொண்டு, துப்பட்டாவை இடுப்பில் முடிந்து, காலை ஐந்தரைக்கு ரயில்வே லைனுக்கு அந்தப் பக்கத்துத் தரிசில், மோட்டார் ரூம் தொட்டிச் சுவர்மேல் ஏறி நின்று சேணத்தில் உட்கார்ந்தார். வாக்கிங் போகிற சாக்கில் நானும் கூடப் போயிருந்தேன்.

"சபையில யாரும் பாத்தா என்ன சொல்லுவாவ?"

"சபை பூரா இப்பம் தூங்குது. கீழ பாக்காத. தண்டவாளத்தைப் பாரு" என்றார் பிரேம்சிங். மாப்பிள்ளைமாருக்குச் சொல்லும் அதே தொனி.

முதல் வாரம் முழுக்கப் பழைய பாடத்தை அழிக்கும் வேலை. சுந்தரபாய் இரண்டு காலாலும் மெல்லத் தொட வேண்டும். அதே நொடியில் பிரேம்சிங் முன்னால் ஒரு அடி வைப்பார். அவர் பின்னால் வந்தே பழகிய குதிரை கூட வரும். வந்த உடனே சுந்தரபாய் காலைத் தளர்த்திவிட வேண்டும். அவர் அதை மறந்துவிடுவார்.

"ஏட்டி, கேட்டது கெடச்சிட்டுல்லா? காலை எடு! எடுக்கலேன்னா அவ என்ன நெனப்பா? நின்னாலும் இடிக்காவ, நடந்தாலும் இடிக்காவ, பேசாம நிப்போம்னு நின்னுருவா."

"கட்டுன நாள்லருந்து எத்தனை வேலை செஞ்சு குடுத்திருக்கேன். நல்லாருக்குன்னு ஒரு வார்த்தை உண்டா? குதிரைக்கு மட்டும் கருப்பட்டி."

பிரேம்சிங் கையிலிருந்த துண்டைப் பல்லால் கடித்து உடைத்து, பாதியைக் குதிரைக்கும் பாதியை மேலேயும் நீட்டினார். சுந்தரபாய் வாங்கி வாயில் போட்டுக்கொண்டார்.

அடுத்த வாரம் பிரேம்சிங் குதிரைக்கு முன்னால் இருந்து தோள் பக்கம் வந்தார். பிறகு வால் பக்கம். முன்னால் முதுகு இல்லாமல் லில்லிக்கு ஒன்றும் ஓடவில்லை. கால் தொட்டதும் காதுகளைப் பின்னால் மடித்துக்கொண்டு நிற்கும். தொட்டுவிட்டுக் காத்திருக்க வேண்டும், உதைக்கக் கூடாது. குதிரை உடம்பின் பாரம் லேசாக முன்னால் சாய்ந்தாலே போதும், காலை எடுத்துவிட்டுக் கழுத்தைத் தடவ வேண்டும். சில நாள் ஒரே ஒரு எட்டோடு பாடம் முடிந்தது. "ஒரு எட்டு வச்சிட்டா. இன்னைக்கு இது போதும். இறங்கு" என்பார். "இதுக்கா கோழிக்கு முன்னால எழுந்திரிச்சேன்?" என்று கேட்டபடியே இறங்குவார் சுந்தரபாய். ஆனால் மறுநாள் அவர்தான் முதலில் கிளம்பி நிற்பார்.

மூன்றாவது வாரம் பிரேம்சிங் தரிசின் ஓரமாகப் போய் உட்கார்ந்துகொண்டார். இப்போது லில்லி கால் பட்டதும் நடந்தது. ஆனால் சுந்தரபாய் எந்தப் பக்கம் திருப்பினாலும் நேராக அவரிடம் வந்து, அவர் நெஞ்சில் நெற்றியை வைத்து நின்றுகொண்டது. அங்கிருந்து திரும்பிப் போகச் சொன்னால் போகாது. அவர் அதன் முகத்தைத் தள்ளிவிட்டுப் பார்த்தார். இரண்டாவது தடவை தள்ளவில்லை.

"நான் இங்கன இருந்தா இது ஆகாது" என்று அவரே சொன்னார்.

மறுநாள் மோட்டார் ரூமுக்குப் பின்னால் மறைந்து உட்கார்ந்தார். லில்லி நடந்தது. இருபது எட்டு, முப்பது எட்டு. மாசிப் பனிக்கு அவருக்கு ஒரு இருமல் வந்தது. துண்டால் வாயை மூடியும் அடங்கவில்லை. லில்லி நின்றது. இரண்டு காதுகளையும் அந்தச் சுவர்ப் பக்கம் திருப்பி ஒரு தடவை கனைத்தது. அதற்குப் பிறகு சுந்தரபாய் அரை மணி நேரம் தொட்டும் அது அசையவில்லை.

அன்றோடு அவர் தரிசுக்கு வருவதை நிறுத்திக்கொண்டார். நாங்கள் திரும்பி வரும்போது வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பார்.

"நடந்தாளா?"

"நடந்தா."

"எத்தனை எட்டு?"

"எண்ணல. தண்டவாளம் வரைக்கும் போயிட்டு வந்தோம்."

"கால் பட்டதும் போனாளா, யோசிச்சாளா?"

"யோசிக்கல."

"காது? காது எப்படி வச்சிருந்தா?"

சுந்தரபாய் குதிரையைப் பிடித்தபடி கொஞ்சம் யோசித்தார். "முன்னால" என்றார்.

காது முன்னால் இருந்தால் மனசோடு நடக்கிறது என்று அர்த்தம் என எனக்கு விளக்கினார் பிரேம்சிங். ஊர்வலங்களில் இவர் முன்னால் நடந்ததால் லில்லியின் காது எப்படி இருந்ததென்று இவர் பார்த்ததே இல்லையாம். இப்போதும் பார்க்க வழி இல்லை. "காதை நல்லா வெறைப்பா வச்சிருந்தாளா, சும்மாவா?" என்று சாயங்காலம் சுவருக்கு அந்தப் பக்கம் மறுபடியும் கேட்டுக்கொண்டிருந்தார்.

மாசிக் கடைசி சனிக்கிழமை வெள்ளத்துரை வண்டியோடு வந்தார். வீட்டை ஒட்டிய காலி மனையில் அவரே லில்லிமேல் ஏறிப் பார்ப்பதாக ஏற்பாடு. பிரேம்சிங் ஜன்னலைச் சாத்திக்கொண்டு உள்ளறைக் கட்டிலில் உட்கார்ந்தார். மூச்சுக் காட்டக் கூடாது என்று சொல்லி, துணைக்கு என்னையும் உட்கார வைத்துவிட்டுப் போனார் சுந்தரபாய்.

தெருவில் தறிகள் ஓடிக்கொண்டிருந்தன. அந்தச் சத்தத்துக்கு நடுவில் சேணம் கிறீச்சிடுவது கேட்டது. பிறகு கொஞ்ச நேரம் ஒன்றும் கேட்கவில்லை. பிரேம்சிங் கட்டில் சட்டத்தைப் பிடித்துக்கொண்டார். அப்புறம் குளம்படி. ஒன்று, இரண்டு, பிறகு எண்ண முடியாமல் சீராக. மனையைச் சுற்றி வந்து ஜன்னலைக் கடந்து போயிற்று. மறுபடி வந்தது. ஒவ்வொரு தடவை கடக்கும்போதும் அவர் தலை கதவுப் பக்கமிருந்து ஜன்னல் பக்கமாக அதோடு கூடவே திரும்பியது. ஏழாவது சுற்றில் சத்தம் ஜன்னலுக்கு நேர் வெளியே வந்து நின்றது. வண்டி பின்னோக்கி வரும் பீப் பீப் கேட்டது.

சுந்தரபாய் உள்ளே வந்தார். குரலைத் தணித்துப் பேசினார்.

"அந்தத் தம்பி சும்மா தொட்டதுக்கே போயிட்டா. கூட்டிட்டுப் போறேன்னு சொல்லிட்டாரு." வாசல் பக்கம் கையைக் காட்டினார். "வண்டியைத் திருப்பி நிப்பாட்டியிருக்கு. ஏத்தச் சொல்லவா? உங்களுக்கு மனசு இல்லேன்னா இப்பமே சொல்லிருங்க. லாயத்து வேலையை நானே பாத்துக்கிடுதேன். அந்தத் தம்பிகிட்டயும் நானே பேசிக்கிடுதேன்."

இப்படி ஒரு பேச்சு அவர் வாயிலிருந்து வரும் என்று நானும் எதிர்பார்க்கவில்லை, பிரேம்சிங்கும் எதிர்பார்க்கவில்லை. ஏதோ சொல்ல வாயைத் திறந்தார். ஜன்னலுக்கு வெளியே லில்லி மூக்கால் ஒரு பெருமூச்சு விட்டது. உடனே உள்ளங்கையால் தன் வாயை இறுகப் பொத்திக்கொண்டார். விரல்கள் கன்னத்தில் அழுந்தின. கண்கள் சாத்தியிருந்த ஜன்னலை விட்டு நகரவில்லை.

"சொல்லுங்க" என்றார் சுந்தரபாய்.

பொத்திய கையை அவர் எடுக்கவில்லை. சுந்தரபாய் துப்பட்டாவால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, சத்தமில்லாமல் கதவைத் திறந்து வண்டிப் பக்கம் போனார்.