பிரேக் நாள்

போன வாரம் விழுப்புரத்திலிருந்து வந்த என் மகள் ஒரு மனுவின் நகலைக் காட்டினாள். அங்கே ஓர் அரசு அலுவலகத்தில் ஒப்பந்த அடிப்படையில் கணினி இயக்குபவள் அவள். நிரந்தர ஊழியர் செய்யும் அதே வேலைக்கு அதே சம்பளம் வேண்டும் என்று ஆறு பேர் சேர்ந்து எழுதியிருந்தார்கள். ஐந்து கையெழுத்துகள் விழுந்திருந்தன. ஆறாவதாக அவள் போட வேண்டியதுதான் பாக்கி. விசாரணை வந்தால் உனக்கு யார் சாட்சி என்று கேட்டேன். "சாட்சி எதுக்கும்மா, எல்லாந்தான் கம்ப்யூட்டர்ல கீதே" என்று சிரித்தாள். அவளிடம் சொல்ல முடியாமல் போனதை இங்கே எழுதுகிறேன்.

என் அம்மா திண்டிவனத்தில் ஓர் அரசு அலுவலகத்தில் தற்காலிகத் தட்டச்சராக இருந்தாள். அப்பாவுக்குப் புதுச்சேரியில் மில் வேலை. வாரம் ஒருமுறைதான் வருவார். அலுவலகத்தில் அம்மாவுக்கு அடுத்த மேசையில் இருந்தவர் நிரந்தரத் தட்டச்சர். அவரை நான் அத்தை என்று கூப்பிடுவேன். இருவருக்கும் ஒரே மாதிரி இயந்திரம், ஒரே மாதிரி கடிதங்கள். சம்பளத்தில் மட்டும் அம்மாவுக்கு அவருடையதில் பாதிகூட இல்லை. அது அத்தைக்கே கூச்சமாக இருந்தது. "எனுக்கு மட்டும் பத்து வெரலும் தங்கத்துலயா கீது?" என்று கையை விரித்துக் காட்டுவார்.

தற்காலிக ஊழியர்களுக்கு ஒரு வழக்கம் வைத்திருந்தார்கள். எண்பத்தொன்பது நாள் வேலை, தொண்ணூறாம் நாள் நீக்கம், மறுநாள் புது உத்தரவு. தொடர்ந்து வேலை பார்த்தேன் என்று யாரும் உரிமை கேட்டுவிடக் கூடாதென்று செய்த ஏற்பாடு. அந்த ஒரு நாளுக்கு பிரேக் என்று பெயர். காகிதத்தின்படி அன்று அம்மா அந்த அலுவலகத்துக்கு யாரோ. ஆனால் கடிதங்கள் பிரேக் எடுப்பதில்லையே. நாளைக்குச் சற்று வந்துவிட்டுப் போம்மா என்று கண்காணிப்பாளர் முந்தின நாளே சொல்லிவிடுவார். மறுத்தால் புது உத்தரவு தள்ளிப்போகும். அம்மா பின்வாசல் வழியாகப் போவாள். பதிவேட்டில் கையெழுத்துப் போட மாட்டாள். பழைய கோப்புகள் அடுக்கிய அறையில் உட்கார்ந்து மாலைவரை அடிப்பாள்.

பள்ளி விடுமுறையில் பிரேக் வந்தால் எனக்குக் கொண்டாட்டம். என்னையும் கூட்டிப் போவாள்.

"யாரு வந்தாலும் சத்தம் காட்டக் கூடாது. எங்க போனீங்கன்னு எவுங்க கேட்டாலும் மயிலம் கோயிலுக்குன்னு சொல்லு."

இரண்டையும் நான் நன்றாகக் கற்றுக்கொண்டேன். வெளியே செருப்புச் சத்தம் கேட்டால் அம்மாவின் விரல்கள் அந்தரத்தில் நிற்கும். நான் கோப்புக் கட்டுகளுக்கு நடுவே வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பை அடக்குவேன். கண்ணாமூச்சியில் அம்மாவே கூட்டாளியாகக் கிடைப்பது எத்தனை பிள்ளைகளுக்கு வாய்க்கும்?

நான் நான்காம் வகுப்பு முடித்த கோடையில் அம்மா சம சம்பளம் கேட்டு மனுப் போட்டாள். விழுப்புரத்தில் விசாரணை. இடைவெளியில்லாமல் வேலை செய்ததைக் காட்டிவிட்டால் மனு நிற்கும், இல்லையென்றால் தள்ளிவிடுவார்கள் என்று விவரம் தெரிந்தவர்கள் சொல்லியிருந்தார்கள். அத்தை வந்து சாட்சி சொல்வதாக வாக்குக் கொடுத்திருந்தார். அன்று காலை அவர் மருத்துவ விடுப்பு போட்டுவிட்டதாகச் சேதி வந்தது. என்னை விட்டுவிட்டுப் போக வீட்டில் ஆளில்லை என்பதால் நானும் பேருந்து ஏறினேன்.

விசாரணை அதிகாரி அமைதியான மனிதர். பிரேக் நாட்களிலும் வேலை செய்ததை அம்மா விவரமாகச் சொன்னாள். கண்காணிப்பாளர் முகம் மாறாமல் மறுத்தார்.

"பிரேக்குல இருக்கற பொம்பளைய உள்ள உட்டா என் வேலை போய்டாதா சார்? ரிஜிஸ்டரப் பாருங்க, ஒரு கையெழுத்து கீதா?"

அம்மாவிடம் காட்டுவதற்குக் காகிதம் எதுவும் இல்லை. சுற்றிலும் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். "எம் பொண்ணுகூட எங்கூட உக்காந்துக்கினு இருந்தாளுங்க" என்றாள்.

அதிகாரி என்னை அருகில் அழைத்தார். பயப்படாதே என்றார். அம்மாவுக்கு பிரேக் விடும் நாளில் இருவரும் எங்கே போவீர்கள் என்று கேட்டார்.

இப்படிப்பட்ட ஆட்கள் வரும்போதுதானே நாங்கள் ஒளிந்துகொண்டிருந்தோம். எனக்கு ஒரு நொடிகூடத் தயக்கம் வரவில்லை.

"மயிலம் கோயிலுக்குங்க."

நம்பாமல் போய்விடப் போகிறாரே என்று, படி ஏறியதையும் மயில் பார்த்ததையும் நானாகவே சேர்த்துக்கொண்டேன்.

அதிகாரி பேனாவை வைத்துவிட்டு அம்மாவைப் பார்த்தார். "என்னம்மா, கொழந்தை வேற மாதிரி சொல்லுது. சொல்லிக் குடுத்து வெச்சிருந்தீங்களா? யாரு சொல்றத நான் எழுதறது?"

அம்மா என் தலையில் கை வைத்தாள்.

"எம் பொண்ணு பொய் சொல்ல மாட்டாளுங்க" என்றாள்.

அவர் எழுதிக்கொண்டார். பணியில் தொடர்ச்சி இல்லை என்று சில வாரங்களில் ஆணை வந்தது. அதற்குப் பிறகு பதினோரு வருடம் அம்மா அதே சம்பளத்தில் அங்கேயே அடித்துக்கொண்டிருந்தாள், பிரேக் நாட்கள் உட்பட.

அன்று திரும்பும் பேருந்தில் அம்மா ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தாள். நான் அவள் முழங்கையை இடித்து, "கரெக்டா சொன்னனாம்மா?" என்று கேட்டேன்.

"கரெக்டா சொன்ன" என்றாள்.

கூட்டேரிப்பட்டில் வண்டி நின்றபோது ஜன்னல் வழியாக அவித்த மல்லாட்டை ஒரு பொட்டலம் வாங்கி என் மடியில் வைத்தாள். தனக்கு வேண்டாம் என்றாள். அம்மாவைக் காப்பாற்றிவிட்ட பெருமையோடு, திண்டிவனம் வரும்வரை அந்தக் கடலையை ஒவ்வொன்றாக உரித்துத் தின்றுகொண்டு வந்தேன்.